ஏறாத தவணை

“வாயைத் திறந்துறாதீங்க, மீசையில இருக்கறது உள்ள போயிரும்” என்று சொல்லிவிட்டுத் துளசிமணி மைக் கிண்ணத்தையும் பழைய பல் பிரஷ்ஷையும் எடுத்துக்கொண்டு சமையலறைக்குள் போனாள். தெய்வசிகாமணி தலையை மட்டும் அசைத்தார். வீட்டின் பின்புறம், துவைக்கிற கல்லுக்கும் தண்ணீர்த் தொட்டிக்கும் நடுவே போட்ட பிளாஸ்டிக் ஸ்டூலில் அவர் பனியனோடு உட்கார்ந்திருந்தார். தோளில் பழைய துண்டு. தலை முழுக்கக் குளிர்ச்சியாக, இறுக்கமாக, காதோரம் மட்டும் அரிப்பாக மை காய்ந்துகொண்டிருந்தது. அரைமணி நேரம் அசையாமல் இருக்க வேண்டும். புதன்கிழமை பம்பு கம்பெனியில் அவருக்கு வழியனுப்பு விழா. ஸ்டோர்ஸ் ஆபீசராக அன்றைக்குக் கடைசி நாள். மாலை போட்டுப் போட்டோ எடுப்பார்கள். நரைத்த தலையோடு நின்றால் அதுதான் காலத்துக்கும் சுவரில் தொங்கும் என்று துளசிமணி நேற்றே மைப் பாக்கெட் வாங்கி வைத்துவிட்டாள். அவருக்கும் ஆட்சேபம் இல்லை. மறைப்பதில் அவருக்கு எப்போதுமே ஆட்சேபம் இருந்ததில்லை என்று ஒரு நினைப்பு வந்தது. அதை அப்படியே விட்டுவிட்டு, தொட்டியின் விளிம்பில் நடக்கிற எறும்பைப் பார்த்தார். வாசலில் பைக் வந்து நின்றது. பூபதி. துளசிமணியின் தம்பி. நின்ற பிறகும் ஒரு தடவை முறுக்கிவிட்டுத்தான் வண்டியை அணைப்பான். “அக்கா, மாமா எங்க?” “பின்னால இருக்காரு. பேச மாட்டாரு, வாயெல்லாம் மை.” “அட, இத்தன வருசத்துல இன்னைக்குத்தான் மாமா வாயை மூடியிருக்காரு. இரு அக்கா, ஒரு போட்டோ எடுத்துக்கறேன்.” “போடா, எடுத்தீன்னா உன்ற தலையிலயும் பூசிவுட்டுருவேன்.” சிரிப்பு. பாத்திரம் நகரும் சத்தம். பிறகு சமையலறை ஜன்னல் கம்பிக்குப் பின்னால் அவன் முகம் வந்தது. நாற்பத்து மூன்று வயதிலும் பள்ளிக்கூடத்துப் பையன் மாதிரியான முகம். லேத் பட்டறையின் எண்ணெய் எத்தனை சோப்பு போட்டாலும் போகாத விரல்கள் கம்பியைப் பிடித்திருந்தன. “மாமா, நாளைக்கு பேங்குல பத்து மணிக்குங்க. அக்கா நல்ல நேரம் பாத்துட்டா. நீங்க எதும் பேச வேண்டாம், வந்து பக்கத்துல நின்னாப் போதும். நீங்க நின்னா எனக்குக் கையெழுத்து நடுங்காம வரும்.” தெய்வசிகாமணி தலையை ஆட்டினார்.

ஆட்டிவிட்டோமே என்று அதன் பிறகுதான் தோன்றியது. இந்தக் கழுத்துக்கு ஆடுவதைத் தவிர வேறு ஒன்றும் தெரியாது. அந்தப் பெண்ணுக்கு முன்னாலும் இப்படித்தான் ஆடியது. பேங்கில், கண்ணாடித் தடுப்புக்கு அந்தப் பக்கம், நெற்றியில் சின்னதாகத் திருநீறு வைத்திருந்த பெண். வருமான வரிக்கு வட்டிச் சான்றிதழ் வாங்கப் போயிருந்தார். போன வருஷத்துக்கும் முந்திய தை மாதம். எப்போதும் கேட்டு வாங்கிக்கொண்டு வந்துவிடுவார். அன்றைக்குப் பிரிண்டர் மக்கர் செய்ததால் நிற்க வேண்டியிருந்தது. நிற்கிற நேரத்துக்கு ஏதாவது பேச வேண்டுமே என்று, பெருமையாக, “ரெண்டு வருசம் கழிச்சு எனக்கு இந்த வேலை இல்லம்மா, லோனும் முடியுது, நானும் ரிட்டயர்டு” என்றார். அவள் திரையைப் பார்த்தாள். ஏதோ தட்டினாள். மறுபடி பார்த்தாள். “இல்லீங்களே சார், உங்களுக்கு ரெண்டாயிரத்து முப்பத்தொண்ணு வரைக்கும் இருக்குதுங்களே” என்று சொல்லித் திரையை அவர் பக்கம் திருப்பினாள். அவள் குரலில் குற்றம் இல்லை, பரிதாபம் இல்லை, பஸ் எத்தனை மணிக்கு என்று சொல்கிற மாதிரிதான் சொன்னாள். அவர் என்ன செய்தார்? “என்னம்மா சொல்றே” என்று கேட்டிருக்கலாம். மேனேஜரைப் பார்க்க வேண்டும் என்று சத்தம் போட்டிருக்கலாம். அவருக்குப் பின்னால் வரிசையில் நாலைந்து பேர் நின்றிருந்தார்கள். அவர் தலையை ஆட்டினார். “தெரியும்மா, தெரியும்” என்றார். தெரியும். ஒன்றும் தெரியாத ஒருவன் சொல்லக்கூடிய ஒரே சொல். சான்றிதழை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு, வெளியே வந்து, ஸ்கூட்டரை எடுத்து, பெட்ரோல் போட்டு, வீட்டுக்கு வந்து, துளசிமணி கொடுத்த காப்பியைக் குடித்தார். அன்றைக்குக் காப்பி நன்றாக இருந்தது என்பதுகூட ஞாபகம் இருக்கிறது. ராத்திரி நன்றாகத் தூங்கினார். அதுதான் அவருக்கு இன்னும் விளங்கவில்லை. பயந்திருந்தால்கூடத் தன்னை மன்னித்துவிடலாம் போலிருந்தது. பயம் ஒரு வாரம் கழித்துத்தான் வந்தது, கம்பெனியில், வாஷர்களை எண்ணிக்கொண்டிருந்தபோது.

வாஷர். ஐம்பது பைசா பெறாது. ஆயிரம் வாஷர் என்று பில் வந்தால் எடை போட்டுப் பார்த்து, குறைந்தால் சப்ளை செய்தவனைக் கூப்பிட்டு, “எண்ணத் தெரியாதா உங்கூர்ல” என்று கேட்பவர் அவர். லாரி டிரைவர்கள் அவர் ஷிப்டில் வர மாட்டார்கள் என்று ஒரு பேச்சு உண்டு. அந்த மனிதர் இருபது வருஷம் பேங்குக்காரனிடம் ஒரு கேள்வி கேட்கவில்லை. கேட்கவில்லை என்பதுகூட இல்லை, கேட்காமல் இருந்ததைக் கெட்டிக்காரத்தனம் என்று நினைத்துக்கொண்டிருந்தார். வட்டி ஏறும்போதெல்லாம் பேங்கிலிருந்து செய்தி வரும். வட்டி விகிதம் மாறியுள்ளது, உங்கள் மாதத் தவணையில் மாற்றமில்லை. மாற்றமில்லை. அந்தச் சொல்லில் ஒரு குளிர்ச்சி இருந்தது, இந்த மை மாதிரி. டீ நேரத்தில் அதை உரக்கப் படிப்பார். “பாத்துக்கங்கப்பா, பத்தாயிரத்து நானூத்திப் பதினாலு. வீட்டுக்குப் பால் காச்சுன மாசத்துல என்னவோ அதே டியூதான் இன்னைக்கும். ஒத்த ரூபா ஏறல.” டெஸ்பாட்ச் செக்‌ஷன் ஸ்டான்லி டம்ளரைப் பிடித்துக்கொண்டு கேட்டுக்கொண்டிருப்பான். அவனுக்கு வேறு பேங்க். வட்டி ஏறியபோது அவன் சம்சாரம் அவனை விரட்டியிருக்கிறாள், அவனும் போய் வரிசையில் நின்று தவணையைக் கூட்டச் சொல்லி எழுதிக் கொடுத்துவிட்டு வந்தான். “ஏத்தாம வுட்டா இழுத்துட்டே போகுமாமா சார், அவ சொல்றா” என்றான். டீ ரூமே சிரித்தது. தெய்வசிகாமணிதான் ஆரம்பித்து வைத்தார். “ஊர்ல எல்லாவனும் டியூவக் கொறைக்கச் சொல்லி எழுதிக் குடுப்பான், ஸ்டான்லி ஏத்தச் சொல்லி எழுதிக் குடுக்கறான். பொண்டாட்டிக்குப் பயந்தவனுக்கு பேங்கும் பயப்படாது போ.” ஸ்டான்லியும் சேர்ந்து சிரித்தான். அதுதான் குத்துகிறது. கோபித்துக்கொண்டு போயிருந்தால் கணக்கு சரியாகியிருக்கும். அவன் லோன் முடிந்த அன்றைக்குக் கம்பெனியில் எல்லோருக்கும் மைசூர்பாகு கொடுத்தான், இவருக்கு இரண்டு துண்டு. “நீங்களும் சீக்கிரம் குடுங்க சார்.” அவர் அந்த இரண்டாவது துண்டையும் தின்றார்.

காதுக்குப் பின்னால் ஒரு சொட்டு கழுத்துக்கு இறங்கியது. துண்டால் ஒற்றினார். உள்ளே துளசிமணி தம்பிக்குத் தோசை வார்க்கிறாள், கல்லில் தண்ணீர் தெளிக்கும் சத்தம் கேட்டது. மாசம் ஆயிரம் ரூபாய். அவ்வளவுதான் விஷயம். வட்டி ஏறிய காலத்தில் மாசம் ஆயிரம் ரூபாய் கூடக் கட்டியிருந்தால் இந்த மாதத்தோடு எல்லாம் முடிந்திருக்கும். ஸ்டோர்ஸில் அலமாரிகளுக்குப் பின்னால் நின்று, போனில் திரும்பத் திரும்பக் கணக்குப் போட்டுத்தான் அதைக் கண்டுபிடித்தார். யாராவது வந்தால் போனை மறைத்துக்கொண்டு, ஏதோ தப்பான படம் பார்க்கிறவனைப் போல. ஆயிரம் ரூபாய் அவரிடம் இருந்தது. இல்லாமல் இருந்திருந்தால் வேறு கதை. ஏழைக்கு வந்தால் அது கஷ்டம், வெளியில் சொல்லிக்கொள்ளலாம். இவருக்கு வந்தது கஷ்டம்கூட இல்லை. அந்த ஆயிரம் ரூபாயில்தான் ஊட்டிக்குப் போனார்கள், சோபாவுக்குத் துணி மாற்றினார்கள், மாப்பிள்ளை முறுக்காக அவர் ஓட்டல்களில் மற்றவர்கள் பில்லையும் சேர்த்துக் கொடுத்தார். பன்னிரண்டு லட்சம் வாங்கினார். இருபத்தைந்து லட்சம் கட்டிவிட்டார். இன்னும் ஆறு லட்சம் அசலில் நிற்கிறது. மூன்றையும் வரிசையாகச் சொல்லிப் பார்த்தால் யாரோ அவரைக் கேலி செய்கிற மாதிரி இருக்கிறது. முதல் வருஷம் கட்டிய பணத்தில் பெரும்பங்கு அப்படியே வட்டிக்குப் போயிருக்கிறது, அந்த ஒரு வருஷ உழைப்பில் அசலிலிருந்து குறைந்தது இந்தப் பின்புறத்துத் தளத்தைப் போட்ட செலவுகூட இருக்காது. ஆனால் அந்த வருஷம்தான் அவர் இந்தச் சுவர்களைத் தட்டித் தட்டிக் காட்டினார், வந்தவர்களுக்கெல்லாம். சொந்தச் சுவர். கையெழுத்துப் போட்ட நாள் ஞாபகம் வந்தது. ஒரு அதிகாரி காகிதங்களின் மூலையைப் பிடித்துப் புரட்டிக்கொண்டே இருந்தார். பென்சிலில் சின்னச் சின்னதாகப் பெருக்கல் குறி போட்டிருந்தது. இங்க சார், இங்க, இங்க. தெய்வசிகாமணிக்குத் தன் கையெழுத்தின் மேல் ஒரு பிரியம் உண்டு, கடைசி எழுத்தை வால் மாதிரி இழுத்துவிடுவார். ஒவ்வொரு பக்கத்திலும் வால் ஒரே அளவாக வர வேண்டும் என்பதிலேயே கவனமாக இருந்தார். அதிகாரிகூட, “நல்ல கையெழுத்துங்க சார்” என்றார். என்ன எழுதியிருந்தது என்று ஒரு பக்கம்கூடப் படிக்கவில்லை. நாளைக்கு இந்தப் பையன் உட்காருவான். எண்ணெய்க் கறை படிந்த விரலால் பேனாவைப் பிடித்து, இங்க, இங்க, என்று.

“நான் மொதல்ல இருவது வருசந்தான்க்கா போடலாம்னு இருந்தேன்” என்று உள்ளே பூபதி சொல்லிக்கொண்டிருந்தான், தோசை வாயில் இருந்தது. “மாமாதான் சொன்னாரு, இருவத்தஞ்சாப் போடு, டியூ சின்னதா வரும், மூச்சு வாங்காம கட்டலாம்னு.” “அவரு அதுல எல்லாம் வெவரமானவருடா. எங்களுக்கு ஒத்த ரூபா ஏறல தெரியுமா? இந்த மாசத்தோட முடியுது. நானே பள்ளிக்கொடத்துல சொல்லீட்டு வந்துட்டேன், அடுத்த வருசத்துக்கு எல்.கே.ஜி.க்கு வேற டீச்சரப் பாத்துக்கங்கன்னு.” “அப்பறம் வூட்ல என்னக்கா பண்ணுவ, மாமாவுக்கு ஏ.பி.சி.டி. சொல்லிக் குடுப்பியா?” “அவருக்கு எதுக்கு, அவரு ஊருக்கே சொல்லிக் குடுக்கறாரு.” இருவரும் சிரித்தார்கள். தெய்வசிகாமணி எறும்பைத் தேடினார். காணோம். அவளுக்கு அவர் சொல்லவில்லை. ரிட்டயர்மென்ட் பணத்தில் அடைத்துவிட்டு அப்புறம் சொல்லலாம், அல்லது சொல்லாமலே விட்டுவிடலாம் என்று ஒரு ஏற்பாடு மனதுக்குள் இருந்தது. ஆறு லட்சம் குறைவதை அவள் கண்டுபிடிக்காமல் இருப்பாளா, கண்டுபிடித்தால் என்ன பொய், அதற்கும் இரண்டு மூன்று வைத்திருந்தார். அது போகட்டும். அதைக்கூடத் தாங்கிக்கொள்ளலாம். கல்யாண மண்டபத்தில் நடந்ததைத்தான் தாங்க முடியவில்லை. அது பேங்குக்குப் போனதற்கு முன்னால் நடந்திருக்கக் கூடாதா என்று அவர் எத்தனையோ முறை தேதிகளை மாற்றிப் பார்த்திருக்கிறார், மாறவில்லை. பேங்கில் அந்தப் பெண் திரையைத் திருப்பிக் காட்டி அரை வருஷத்துக்குப் பிறகு, பெரியநாயக்கன்பாளையத்தில் ஒரு கல்யாணம். சாப்பிட்டு முடித்து நாற்காலிகளை வட்டமாகப் போட்டு உட்கார்ந்திருந்தார்கள். பூபதி எல்லோர் முன்னாலும் கேட்டான், “மாமா, வீட்டு லோன் போட்டா எத்தனை வருசம் போடலாம்?” வட்டத்தில் இருந்த எல்லோரும் அவர் பக்கம் திரும்பினார்கள். அந்தத் திரும்பல். அது அவருக்குப் பழகியது. அதில் உட்கார்ந்து அவர் பேசாமல் இருந்ததே கிடையாது. வாய் அது பாட்டுக்குப் பேசியது. டீ ரூமில் பேசிய அதே வாக்கியங்கள், அதே இடத்தில் நிறுத்தி, அதே இடத்தில் வெற்றிலையைத் திருப்பி. நீளமாப் போடு. டியூ ஏறாது. என்ற டியூ பாரு. பேசும்போதே ஒரு தெய்வசிகாமணி தனியாக விலகி நின்று, அடப்பாவி, என்று கேட்டுக்கொண்டிருந்தார். ஆனாலும் குரல் தடுமாறவில்லை.

தடுமாறியிருந்தால். அங்கேயும் ஒரு முடிச்சு இருக்கிறது, அதற்குப் பக்கத்தில் அவர் அதிகம் போவதில்லை. இன்று வாயில் மை, தலையில் மை, எழுந்து போக முடியாது, அதனால் போனார். பெருமைக்காக மட்டும்தான் பேசினாரா? இருபத்தைந்து வருஷம் என்று சொன்னபோது உள்ளே எங்கோ ஒரு ஆறுதல் இருந்தது. இவனும் வரட்டும். தான் மட்டும் அந்த வெளிச்சமான திரைக்கு முன்னால் தனியாக நிற்க வேண்டாம், பின்னால் இன்னொருத்தன் வருகிறான், அவனுக்கும் ஒரு நாள் ஒரு பெண் திருப்பிக் காட்டுவாள். இப்படியா நினைத்தார்? இல்லை. இப்படி வார்த்தையாக நினைக்கவில்லை. ஆனால் அந்த ஆறுதலுக்கு வேறு வார்த்தை போட்டுப் பார்த்தால் ஒன்றும் பொருந்தவில்லை. துளசிமணி தூக்கி வளர்த்த பிள்ளை. இவர் பெண் பார்க்கப் போனபோது டவுசரோடு வந்து செருப்பை எடுத்து வைத்தவன். மைக்குக் கீழே நெற்றி வியர்த்தது. இப்போதே எழுந்து போய்ச் சொல்லிவிடலாம். என்ன என்று ஆரம்பிப்பது? பூபதி, நானொண்ணு சொல்லணும். சினிமா மாதிரி இருக்கிறது. மாப்ளே, இருபத்தஞ்சு வேண்டாம், பதினஞ்சாப் போட்டுக்க. ஏன் மாமா? இப்போ வட்டியெல்லாம் ஒரு மாதிரி இருக்குதாம், என்று காரணத்தை வேறு யார் தலையிலாவது போடலாம். அதில் தன் கதை வராது. நல்ல யோசனையாக இருந்தது, நல்ல யோசனையாக இருந்ததே அருவருப்பாகவும் இருந்தது. நாளைக்கு வழியில் சொல்லிக்கொள்ளலாம். ஸ்கூட்டரில் போகும்போது, முகம் பார்க்காமல். வழியில் சொன்னால், அங்கே போய் அதிகாரி முன்னால் அவன் என்ன செய்வான்? முன்பணம் கொடுத்தாயிற்று, நல்ல நேரம் பார்த்தாயிற்று, மாமா ஏதோ உளறுகிறார் என்று கையெழுத்துப் போட்டுவிடுவான். அவரும் பக்கத்தில் நிற்பார். தலை ஆடும். பேச முடியாது என்பது எவ்வளவு வசதியாக இருக்கிறது என்று அவருக்குத் திடீரென்று தெரிந்தது. இந்த மை காயாமலே இருந்தால் தேவலை. ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமையும், ஒவ்வொரு நாளும், வாயெல்லாம் மை, பேச மாட்டாரு. பேச மாட்டாரு.

“நேரமாச்சுங்க, குனிங்க” என்று துளசிமணி வாளியோடு வந்துவிட்டாள். அவர் ஸ்டூலிலிருந்து இறங்கி, சாக்கடைத் துவாரத்துக்கு நேராகக் குத்துக்காலிட்டுக் குனிந்தார். வெந்நீர் முதல் சொம்பு பின்கழுத்தில் விழுந்தது. கறுப்புத் தண்ணீர் நெற்றி வழியாக இறங்கித் தளத்தில் பரவியது. அவள் விரல்கள் தலைக்குள் போய்த் தேய்த்தன, எல்.கே.ஜி. குழந்தைகளுக்குச் சளி துடைக்கிற விரல்கள், அவசரமும் பிரியமும் சரிபாதியாக. மீசையையும் துடைத்துவிட்டாள். “ம், இனி வாயைத் திறக்கலாம்” என்றாள். உள்ளே பூபதி கை கழுவிக்கொண்டிருந்தான், குழாய்ச் சத்தம் கேட்டது.

“துளசி.”

“கண்ணை மூடுங்க, எரியும்.”

“லோன் முடியல.”

“இந்த மாசந்தானுங்களே முடியுது.”

“முடியல. இன்னும் ஆறு வருசம் இருக்குது.”

விரல்கள் நின்றன. அவர் கறுப்புத் தண்ணீரைப் பார்த்துக்கொண்டே பேசினார். டியூ ஏறவில்லை, அதற்குப் பதிலாக வருஷம் ஏறியது என்றார். வட்டி கூடும்போதெல்லாம் பேங்கில் அவன் வருஷத்தைப் பின்னால் சேர்த்துக்கொண்டே போயிருக்கிறான் என்றார். அவன் என்று சொன்னதும் அது பொய் மாதிரிப் பட்டது. நான் பார்க்கவே இல்லை என்றார். ஆறு லட்சம் நிற்கிறது என்றார். துளசிமணி சொம்பைத் தளத்தில் வைத்தாள்.

“பள்ளிக்கொடத்துல சொல்லீட்டு வந்துட்டனே” என்றாள், யாரிடமோ சொல்கிற மாதிரி. அதற்குப் பிறகு அவர் பயந்துகொண்டிருந்த கேள்வி வந்தது. “எப்பத் தெரியும்?”

“போன வருசத்துக்கு முந்துன தை.”

அவள் உள்ளுக்குள் எதையோ பொருத்திப் பார்ப்பது விரல்களில் தெரிந்தது. “அப்ப, மண்டபத்துல இவனுக்குச் சொன்னீங்களே. அன்னைக்குத் தெரியுமா?”

அவர் தலையை ஆட்டினார். அது அவள் கைகளுக்குள்ளேயே ஆடியது.

துளசிமணி கைகளை எடுக்கவில்லை. அழவும் இல்லை. “பூபதி, இங்க வா” என்று கூப்பிட்டாள். அவர் எழுந்திருக்கப் பார்த்தார். உள்ளங்கை அவர் தலையை அழுத்தியது, பலமாக இல்லை, ஆனால் அழுத்தியது.

“இருங்க. மை இன்னும் போகல. அப்படியே சொல்லுங்க.”

பூபதியின் கால்கள் வந்து நின்றன. ஈரமான பாதங்கள், கட்டை விரல் நகத்தில் பட்டறையில் எப்போதோ இரும்பு விழுந்த கறுப்பு. “என்னங்க மாமா, கழுவுனப்பறமும் தலை தூக்க மாட்டீங்களா? கல்யாணப் பொண்ணு ஆயிட்டீங்களா?” என்று சிரித்தான். அக்காள் சிரிக்காததைப் பார்த்திருக்க வேண்டும், சிரிப்பு பாதியில் நின்றது.

“மாப்ளே” என்றார் தெய்வசிகாமணி. குரல் அவருக்கே புதிதாக இருந்தது, தொண்டையில் வசதியான வாக்கியம் ஒன்றும் இல்லாத குரல். “நாளைக்குக் கையெழுத்துப் போட்டுறாதே. நான் உனக்குச் சொன்னது தப்பு. தப்புன்னு தெரிஞ்சுதான் சொன்னேன்.”

கறுப்புத் தண்ணீர் மெல்ல நகர்ந்து அந்தப் பாதங்களைத் தொட்டது. பாதங்கள் விலகவில்லை. பிறகு பூபதியின் முழங்கால்கள் மடங்கின. அவன் அவருக்கு எதிரே குத்துக்காலிட்டு உட்காருகிறான், இன்னும் கொஞ்சம் இறங்கினால் முகம் தெரிந்துவிடும் என்று புரிந்ததும் அவர் கண்களை இறுக்க மூடிக்கொண்டார்.

“மேல சொல்லுங்க” என்றான் பூபதி. மாமா என்று சொல்லவில்லை.